வக்கீல் வசனம் பேசினால் ஜூரி கவிழ்ந்துவிடுமா?

கேள்வி இதுதான்: அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் சட்டம் படிக்காத 12 பேரை ஜூரி என்று உட்கார வைத்து ஒருவன் குற்றவாளியா இல்லையா என்று தீர்மானிக்கச் சொல்கிறார்களே, நன்றாகப் பேசத் தெரிந்த வக்கீல் அவர்களை எந்தப் பக்கம் வேண்டுமானாலும் திருப்பிவிட முடியாதா? நம் ஊரில் ஜூரியை எடுத்துவிட்டதற்கும் அதுதானே காரணம்?

பெரும்பாலான வழக்குகளில் முடியாது. ஜூரியிடம் கோளாறே இல்லை என்று சொல்ல வரவில்லை, நிறைய இருக்கிறது, ஆனால் அது சினிமா காட்டுகிற இடத்தில் இல்லை. வக்கீலின் கடைசி நேரச் சொற்பொழிவை விட, நடுவில் யாரும் கவனிக்காமல் போகிற சின்னச் சின்ன விஷயங்கள்தான் அதிக வேலை செய்கின்றன.

முதலில் ஒரு எண். 1950களில் சிகாகோ பல்கலைக்கழகத்தில் ஹாரி கால்வன், ஹான்ஸ் ஸைசல் என்ற இருவர் அமெரிக்கா முழுக்க நீதிபதிகளுக்குக் கேள்வித்தாள் அனுப்பினார்கள். உங்கள் கோர்ட்டில் இந்த வழக்கில் ஜூரி என்ன சொன்னது, ஜூரி இல்லாமல் நீங்களே தீர்ப்புச் சொல்லியிருந்தால் என்ன சொல்லியிருப்பீர்கள், இவ்வளவுதான் கேள்வி. 3,576 வழக்குகளுக்குப் பதில் வந்தது. 1966ல் வெளியான முடிவின்படி கிட்டத்தட்ட 78 சதவீத வழக்குகளில் இரண்டு தரப்பும் ஒரே தீர்ப்பு. மீதியில் பெரும்பாலும் ஜூரிதான் இளகிய மனதோடு விடுதலை பக்கம் சாய்ந்திருந்தது. எங்கே வேறுபட்டார்கள் என்று பார்த்தால், சாட்சியம் இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்று சொல்ல முடியாதபடி தொங்கிக்கொண்டிருந்த வழக்குகளில்தான் அதிகம். சாட்சியம் கனமாக இருந்தால் ஜூரி அதைத்தான் பின்பற்றுகிறது. தராசு நடுவில் நிற்கும்போதுதான் அனுதாபம், வெறுப்பு, குற்றவாளிக் கூண்டில் நிற்கிறவனின் முகம் எல்லாம் உள்ளே நுழைகின்றன. கீழே நான் சொல்லப்போகிற எல்லாவற்றையும் இந்த எல்லைக்குள் வைத்துப் படியுங்கள்.

சரி, அந்த 12 பேர் மனதுக்குள் என்னதான் நடக்கிறது? சாட்சி ஒன்றுக்கு இத்தனை மார்க், சாட்சி இரண்டுக்கு இத்தனை மார்க் என்று கூட்டிக் கழிப்பார்கள் என்றுதான் ரொம்ப நாள் நினைத்திருந்தார்கள். நான்ஸி பென்னிங்டன், ரீட் ஹேஸ்டி என்ற உளவியலாளர்கள் 1980களில் அதை உடைத்தார்கள். மனிதர்கள் சாட்சியங்களை எண்ணுவதில்லை, அவற்றை வைத்துக் கதை கட்டுகிறார்கள். யார், ஏன், எந்த நோக்கத்தில், அப்புறம் என்ன ஆனது என்று ஒரு கதை. கட்டி முடித்ததும், நீதிபதி சொன்ன குற்ற வகைகளில் எது அந்தக் கதையோடு பொருந்துகிறதோ அதுதான் தீர்ப்பு. அவர்கள் பயன்படுத்தியது ஒரு மதுக்கடைச் சண்டை வழக்கு. பகலில் இரண்டு பேருக்குள் தகராறு, ஒருவன் மற்றவனை சவரக்கத்தி காட்டி மிரட்டுகிறான், மிரட்டப்பட்டவன் இரவில் திரும்ப வருகிறான், வெளியே கைகலப்பு, மிரட்டியவன் கத்திக்குத்தில் சாகிறான். ஒரே சாட்சியத்தைக் கேட்டவர்களில் கொலை என்று சொன்னவர்களின் மனதில், அவன் கறுவிக்கொண்டு போய்ப் பழிவாங்கவே கத்தியோடு வந்தான் என்று ஓடியிருந்தது. தற்காப்பு என்று சொன்னவர்களின் மனதில், கத்தி அவன் வழக்கமாக வைத்திருப்பது, பயத்தில் உருவினான் என்று ஓடியிருந்தது. அவன் மனதில் இருந்ததைக் கண்ணால் பார்த்த சாட்சி யாரும் கிடையாது. இடைவெளியை அவரவர் நிரப்பிக்கொண்டார்கள்.

இதை அவர்கள் 1988ல் இன்னொரு விதமாகச் சோதித்தார்கள். அரசுத் தரப்பு சாட்சியத்தைச் சம்பவம் நடந்த வரிசையில் கொடுத்து, எதிர்த்தரப்பு சாட்சியத்தைச் சாட்சிகள் வந்த வரிசையில் பிய்த்துப் பிய்த்துக் கொடுத்தபோது, 78 சதவீதம் பேர் குற்றவாளி என்றார்கள். வரிசையைத் தலைகீழாக்கியபோது 31 சதவீதம். சாட்சியத்தில் ஒரு எழுத்துகூட மாறவில்லை! நீதிமன்றத்தில் உண்மையான பேச்சுத் திறமை என்று ஒன்று இருந்தால் அது இங்கேதான் இருக்கிறது. கண்ணீர் வரவழைக்கிற வசனத்தில் இல்லை, எந்தச் சாட்சியை எந்த நாளில் ஏற்றுவது என்கிற திட்டத்தில்.

நமக்குப் பழக்கமான உதாரணம் நானாவதி வழக்கு. 1959 பம்பாய். கடற்படை அதிகாரி நானாவதி தன் மனைவிக்கு ஆஹுஜா என்பவரோடு உறவு என்று தெரிந்து, கப்பலுக்குப் போய்ப் பொய்க் காரணம் சொல்லி ரிவால்வர் வாங்கிக்கொண்டு, ஆஹுஜாவின் அலுவலகத்தில் தேடி, அப்புறம் வீட்டுக்குப் போய், படுக்கையறைக்குள் நுழைகிறார். மூன்று குண்டுகள். எதிர்த்தரப்புக் கதை: பேசப் போனார், கைகலப்பு வந்தது, ரிவால்வர் தற்செயலாக வெடித்தது. அரசுத் தரப்புக் கதை: திட்டமிட்டுப் போய்ச் சுட்டார். குளித்துவிட்டு வந்த ஆஹுஜா இடுப்பில் துண்டுதான் கட்டியிருந்தார். கட்டிப் புரண்டு சண்டை நடந்திருந்தால் அந்தத் துண்டு அவிழ்ந்திருக்க வேண்டாமா? அது இருந்த இடத்திலேயே இருந்தது. மேல் கோர்ட்டில் இந்தத் துண்டு பெரிய விஷயமானது. ஆனால் ஜூரி முன்னால், வெள்ளை சீருடையில் பதக்கங்களோடு நின்ற அதிகாரி, ஏமாற்றப்பட்ட கணவன் என்கிற கதை ஏற்கனவே முழுசாக இருந்தது, அதிலும் பிளிட்ஸ் பத்திரிகை வாராவாரம் அதையே எழுதிக்கொண்டிருந்தது. 8க்கு 1 என்று குற்றவாளி இல்லை என்றார்கள். செஷன்ஸ் நீதிபதி அதை ஏற்காமல் உயர் நீதிமன்றத்துக்கு அனுப்ப, அங்கே ஆயுள் தண்டனை, 1961ல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. முழுக் கதை ஒன்று மனதில் உட்கார்ந்துவிட்டால் ஒரு துண்டு அதை அசைக்காது. அதை அசைக்க இன்னொரு முழுக் கதை வேண்டும்.

முன்னாள் மனைவியையும் அவர் நண்பரையும் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்ட அமெரிக்கக் கால்பந்து நட்சத்திரம் ஓ.ஜே. சிம்ப்ஸன் வழக்கிலும் இதே கதைதான். 1995 ஜூனில் அரசுத் தரப்பே ஜூரி முன்னால் அவரை அந்த ரத்தக்கறைத் தோல் கையுறையைப் போட்டுப் பார்க்கச் சொன்னது. அடியில் ரப்பர் கையுறை வேறு மாட்டியிருந்தார், தோல் கையுறை ஏறவில்லை. ரப்பர் இருந்தது, தோல் சுருங்கியிருக்கலாம் என்றெல்லாம் பிறகு விளக்கினார்கள், விளக்கம் சரியாகக்கூட இருக்கலாம், ஆனால் கண்ணெதிரே நடந்ததை விளக்கத்தால் அழிக்க முடியுமா? பல மாதம் நடந்த வழக்கில் நான்கு மணி நேரத்துக்கும் குறைவாகப் பேசி விடுதலை செய்துவிட்டார்கள். கையுறை பொருந்தாவிட்டால் விடுதலை செய்தே ஆக வேண்டும் என்று சிம்ப்ஸனின் வக்கீல் காக்ரன் சொன்ன எதுகை வசனத்தை உலகமே ஞாபகம் வைத்திருக்கிறது. அந்த வசனத்துக்கு ஆதாரத்தைக் கையில் கொடுத்தது எதிர்த்தரப்பு இல்லை, அரசுத் தரப்பு.

அப்புறம் சாட்சி பேசுகிற விதம். எனக்கு இந்தத் துறையிலேயே மிகவும் சங்கடமான பகுதி இதுதான். 1970களில் டியூக் பல்கலைக்கழகத்தில் வில்லியம் ஓ'பார் என்ற மானிடவியலாளர் வட கரோலினா நீதிமன்றங்களில் மாதக்கணக்கில் ஒலிப்பதிவு செய்து, சாட்சிகள் இரண்டு மாதிரி பேசுவதைக் கவனித்தார். ஆம்புலன்ஸ் வர எவ்வளவு நேரம் ஆனது என்று கேட்டால் ஒருவர் "இருபது நிமிஷம்" என்கிறார். இன்னொருவர் "அது வந்துங்க ஐயா, ஒரு இருபது நிமிஷம் மாதிரி இருந்திருக்கும்னு நினைக்கிறேன்" என்கிறார். தகவல் ஒன்றுதான். இரண்டையும் நடிகர்களை வைத்துப் பதிவு செய்து போட்டுக் காட்டியபோது, இரண்டாவது மாதிரி பேசியவரை ஆணானாலும் பெண்ணானாலும் கேட்டவர்கள் குறைவாகவே நம்பினார்கள். இழுத்துப் பேசுவது, தயங்குவது, வார்த்தைக்கு வார்த்தை ஐயா போடுவது, இதெல்லாம் பொய்யின் அடையாளம் இல்லை. அதிகாரத்துக்கு முன்னால் பணிந்தே பழகியவர்களின் பேச்சு அது. ஏழைகள், அதிகம் படிக்காதவர்கள், முதல்முறை கோர்ட் படி ஏறியவர்கள் அப்படித்தான் பேசுவார்கள். பொய் சாட்சி சொல்லியே பழகியவன் "இருபது நிமிஷம்" என்று வெட்டொன்று துண்டிரண்டாகச் சொல்லிவிட்டுப் போவான்.

மொழிபெயர்ப்பாளர் நடுவில் வந்தால் இன்னும் மோசம். சாட்சி ஸ்பானிஷில் மரியாதையாகச் சொன்னதை மொழிபெயர்ப்பாளர் ஆங்கிலத்தில் மரியாதை இல்லாமல் சொன்னாலே சாட்சி மேல் உள்ள மதிப்பு குறைகிறது என்று சூஸன் பெர்க்-செலிக்ஸன் அமெரிக்காவில் காட்டியிருக்கிறார். ஆஸ்திரேலியாவில் டயானா ஈட்ஸ், பழங்குடி மக்கள் குறுக்கு விசாரணையில் "ஆமாம்" என்பது பல நேரம் ஒப்புதலே இல்லை, பெரிய மனிதர் கேட்கிறார் என்று சொல்லிவைப்பது என்று ஆண்டுக்கணக்கில் எழுதியிருக்கிறார். "ஆமாங்க, சரிங்க" என்று தலையாட்டியே வளர்ந்த நமக்கு இதைப் புரிந்துகொள்ள ஆராய்ச்சியே தேவையில்லை.

கேள்வி கேட்கிற வார்த்தையும் சாட்சியின் நினைவையே மாற்றும். எலிசபெத் லாஃப்டஸ் 1974ல் கார் விபத்துப் படம் காட்டி, கார்கள் "மோதி நொறுங்கியபோது" என்ன வேகம் என்று சிலரிடமும், "தொட்டுக்கொண்டபோது" என்ன வேகம் என்று சிலரிடமும் கேட்டார். முதல் கூட்டம் சராசரியாக மணிக்கு 41 மைல் என்றது, இரண்டாவது 32 மைல் என்றது. இன்னொரு சோதனையில் ஒரு வாரம் கழித்து, கண்ணாடி உடைந்து கிடந்ததா என்று கேட்டபோது, "நொறுங்கிய" கூட்டத்தில் 50 பேரில் 16 பேர் ஆமாம் என்றார்கள், மெதுவான வார்த்தையைக் கேட்ட கூட்டத்தில் 7 பேர்தான். படத்தில் உடைந்த கண்ணாடியே கிடையாது.

இதன் உச்சம் ரொனால்ட் காட்டன் வழக்கு. 1984ல் வட கரோலினாவில் ஒரு கல்லூரி மாணவி பாலியல் வன்முறைக்கு ஆளானார். நடக்கும்போதே அவன் முகத்தை மறக்கக் கூடாது என்று உறுதியாகப் பார்த்து வைத்துக்கொண்டவர் அவர். போலீஸ் காட்டிய புகைப்படங்களில் காட்டனைத் தேர்ந்தெடுத்தார், நேரில் நிறுத்திய வரிசையிலும் அவரையே காட்டினார். புகைப்படத்தில் காட்டியதும் இதே ஆளைத்தான் என்று போலீஸ் உறுதிப்படுத்த, தயக்கம் இருந்த இடத்தில் முழு நிச்சயம் வந்துவிட்டது. கோர்ட்டில் துளி சந்தேகமில்லாமல் கை நீட்டினார். மறுவிசாரணையில் உண்மையான குற்றவாளியையே கொண்டுவந்து நிறுத்தியபோது, இவனைப் பார்த்ததே இல்லை என்றார். 1995ல் டி.என்.ஏ. சோதனைதான் காட்டனை வெளியே கொண்டுவந்தது, பத்து வருஷத்துக்கும் மேல் உள்ளே இருந்துவிட்டார். அந்தப் பெண் பொய் சொல்லவில்லை, அதுதான் இதில் பயங்கரம். ஜூரி நம்புவது சாட்சியின் நிச்சயத்தை, அந்த நிச்சயமோ முதல் நாள் ஒரு மாதிரியும் கூண்டில் ஏறும் நாள் வேறு மாதிரியும் இருக்கும். முகத்தைப் பார்த்தே பொய்யைக் கண்டுபிடித்துவிடுவேன் என்கிறவர்களுக்கு ஒன்று: இருநூற்றுக்கும் மேற்பட்ட ஆய்வுகளைத் திரட்டி 2006ல் பாண்ட், டெபாலோ இருவரும் கணக்கிட்டதில் மனிதர்கள் பொய்யையும் உண்மையையும் சரியாகப் பிரித்தது 54 சதவீதம். காசு சுண்டினாலே 50 வரும்.

அடுத்தது, நீதிபதி "இதைக் காதில் வாங்காதீர்கள்" என்று சொல்வது. 1950களின் சிகாகோ சோதனை ஒன்றில், விபத்து நஷ்டஈடு வழக்கில் பிரதிவாதிக்கு இன்ஷூரன்ஸ் இல்லை என்று தெரிந்தபோது ஜூரிகள் சராசரியாக 33,000 டாலர் கொடுத்தார்கள். இருக்கிறது என்று தெரிந்தபோது 37,000. இருக்கிறது என்று சொன்னவுடன் வக்கீல் ஆட்சேபித்து, நீதிபதி அதை மறந்துவிடுங்கள் என்று உத்தரவிட்டபோது 46,000! மறக்கச் சொன்னதே கொட்டை எழுத்தில் எழுதி வைத்ததாகிவிட்டது. விவரமான வக்கீல்கள் சில நேரம் ஆட்சேபிக்காமல் வாயை மூடிக்கொண்டிருப்பதற்கு இதுதான் காரணம்.

நீதிபதி சொல்கிற சட்டமே புரிகிறதா என்பது தனிக் கேள்வி. இங்கிலாந்தில் ஷெரில் தாமஸ் 2010ல் வெளியிட்ட ஆய்வில், நீதிபதியின் வாய்மொழி விளக்கத்தை மட்டும் கேட்ட நிஜ ஜூரர்களில் 31 சதவீதம் பேர்தான் அதை முழுமையாகப் புரிந்துகொண்டிருந்தார்கள். ஒரு பக்கத்தில் எழுதிக் கொடுத்ததும் 48 ஆனது. ஒரு தாளுக்கு இவ்வளவு பலன்!

சரி, கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே போன பிறகு? அறைக்குள் ஒலிக்கருவி வைத்துக் கேட்கலாம் என்று சிகாகோக்காரர்கள் 1954ல் கன்ஸாஸ் மாநிலத்தில் நீதிபதியின் அனுமதியோடு சில வழக்குகளில் பதிவு செய்ய, விஷயம் வெளியே தெரிந்து ஏக ரகளையாகி, அதற்குத் தடைச் சட்டமே வந்துவிட்டது. பிற்பாடு அரிஸோனாவில் அனுமதியோடு 50 சிவில் வழக்குகளின் ஜூரி அறைகளைப் படம் பிடித்தார்கள். இத்தனை வருஷ ஜூரி ஆய்வுகளில் தெரிய வந்தவற்றில் முக்கியமானது, ஒற்றை ஆள் எழுந்து நின்று மீதி 11 பேரையும் மாற்றுகிற கதை நிஜத்தில் அபூர்வம் என்பது. முதல் வாக்கெடுப்பில் பெரும்பான்மை எந்தப் பக்கமோ, பத்தில் ஒன்பது வழக்குகளில் அதுவே தீர்ப்பு. தனி ஆள் கடைசிவரை தாங்குவதில்லை. கூட இரண்டு பேராவது ஆரம்பத்தில் இருந்தால்தான் ஜூரி எந்த முடிவுக்கும் வராமல் முட்டிக்கொண்டு நிற்கிறது. தலைவராக யார் ஆகிறார்கள் என்று பார்த்தால் சிரிப்பு வரும்: மேஜையின் தலைப்பக்கம் உட்கார்ந்தவருக்கு வாய்ப்பு அதிகம், 1950களில் பெரும்பாலும் வசதியான ஆண்களே அங்கே போய் உட்கார்ந்தார்கள்.

உள்ளே போனவுடன் கை தூக்கச் சொல்லும் ஜூரிகள் உண்டு, முதலில் சாட்சியத்தைப் பேசிவிட்டுப் பிறகு வாக்கெடுப்புக்குப் போகும் ஜூரிகள் உண்டு. இரண்டாவது வகைதான் நிதானமாக யோசிக்கிறது. முதல் வகையில் கை தூக்கியவர் அப்புறம் தன் கையைக் காப்பாற்றுவதற்காக வாதாடுகிறார். 12 பேரும் ஒத்துக்கொள்ள வேண்டும் என்ற விதி இருந்தால் சிறுபான்மையின் பேச்சு காதில் விழும், 10 போதும் என்றால் பத்தாவது ஆள் கிடைத்ததும் பேச்சு நின்றுவிடும். இங்கிலாந்தில் 1967 முதல், சில மணி நேரம் பேசியும் ஒத்துவராவிட்டால், 10க்கு 2 செல்லும். அமெரிக்காவில் லூசியானா, ஆரிகான் இரண்டு மாநிலங்கள் நீண்ட காலம் அப்படி வைத்திருந்தன, 2020ல் உச்ச நீதிமன்றம் கடும் குற்ற வழக்குகளில் அது செல்லாது என்றது.

யார் உட்காருகிறார்கள் என்பதும் பேச்சை மாற்றும். சாமுவேல் சாமர்ஸ் 2006ல் வெளியிட்ட ஆய்வில், கறுப்பரும் வெள்ளையரும் கலந்த சோதனை ஜூரிகள் அதிக நேரம் பேசின, தகவல் பிழை குறைவாகச் செய்தன. வெள்ளையர்களும்கூட, கலந்த குழுவில் இருக்கும்போது இன்னும் கவனமாகப் பேசினார்கள். இலங்கைத் தமிழர்களுக்கு இது ஏட்டு விஷயம் இல்லை. அங்கே 7 பேர் ஜூரி இன்னும் இருக்கிறது, எந்த மொழி பேசும் ஜூரி வேண்டும் என்று குற்றம் சாட்டப்பட்டவர் தேர்ந்தெடுக்கலாம். 2006ல் கொழும்பில் கொல்லப்பட்ட நாடாளுமன்ற உறுப்பினர் நடராஜா ரவிராஜ் வழக்கில் சிங்களம் பேசும் ஜூரி கேட்கப்பட்டது, 2016 டிசம்பரில் நள்ளிரவு தாண்டி எல்லோரும் விடுதலை என்று தீர்ப்பு வந்தது. அந்த 7 பேர் நேர்மையாகவே யோசித்திருந்தாலும், ஒரே சமூகத்தின் அனுபவம் மட்டும் உள்ள அறையில் சில கேள்விகள் எழாமலே போக வாய்ப்பு அதிகம், அதைத்தான் சாமர்ஸின் ஆய்வும் சொல்கிறது.

இந்தியாவில் நானாவதி வழக்கோடு ஜூரி ஒழிந்தது என்பது பாதி உண்மை. அதற்கு முன்பே பல இடங்களில் எடுத்துக்கொண்டிருந்தார்கள், அதற்குப் பின்னும் சில இடங்களில் இருந்தது, 1973 குற்றவியல் நடைமுறைச் சட்டத்தோடுதான் முழுக்கப் போனது. சென்னைக்காரர்களுக்கு அதைவிட நெருக்கமானது லட்சுமிகாந்தன் கொலை வழக்கு. தியாகராஜ பாகவதரும் என்.எஸ்.கிருஷ்ணனும் 1945ல் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஜூரி முன்னால்தான் நின்றார்கள், 9 பேரில் 6 பேர் குற்றவாளிகள் என்றார்கள். அன்றைக்கு மேல்முறையீட்டுக்குக் கடைசி இடமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், மேல்முறையீட்டை மறுபடி கேட்கச் சொல்லித் திருப்பி அனுப்பப்பட்டு, 1947ல்தான் இருவரும் வெளியே வந்தார்கள். பிரபலம் என்றால் ஜூரி மயங்கிவிடும் என்கிறவர்கள் அன்றைய பாகவதரை விடப் பிரபலமான ஒருவரைச் சொல்லட்டும்.

நீதிபதி மட்டும் என்றால் இந்தக் கோளாறு எல்லாம் தீர்ந்துவிடுமா என்றால், இல்லை. 2001ல் அமெரிக்காவில் 167 நீதிபதிகளிடம் ஒரு விபத்து வழக்கைக் கொடுத்து நஷ்டஈடு எவ்வளவு என்று கேட்டார்கள். பாதிப் பேருக்கு, இந்த வழக்கு 75,000 டாலர் மதிப்புகூடப் பெறாது, தள்ளுபடி செய்யுங்கள் என்ற உப்புச்சப்பில்லாத மனு ஒன்றையும் சேர்த்துக் காட்டினார்கள். மனுவைப் பார்க்காதவர்கள் சராசரியாகப் பன்னிரண்டரை லட்சம் டாலர் கொடுத்தார்கள், பார்த்தவர்கள் சுமார் ஒன்பது லட்சம். மனுவை நிராகரித்தவர்கள்தான் அவர்கள், ஆனாலும் அந்த எண் மண்டைக்குள் போய்விட்டது.

இங்கிலாந்தில் இருக்கிற நம் ஆட்களுக்கு ஒரு வார்த்தை. வாக்காளர் பட்டியலில் பெயர் இருந்து, 18க்கும் 75க்கும் இடையில் வயது இருந்தால் ஒருநாள் உங்களுக்கும் அழைப்பு வரலாம். போனால் குறிப்பு எடுங்கள். புரியவில்லை என்றால் சீட்டு எழுதி நீதிபதிக்குக் கொடுத்துக் கேளுங்கள், அது உரிமை, பலர் வெட்கப்பட்டுக் கேட்பதில்லை. உள்ளே போனதும் யாராவது கை தூக்கச் சொன்னால், முதலில் சாட்சியத்தைப் பேசுவோமே என்று சொல்லிப் பாருங்கள். வீட்டுக்கு வந்து குற்றம் சாட்டப்பட்டவரின் பெயரைக் கூகுளில் தேடாதீர்கள், 2015 சட்டப்படி அதற்கு இரண்டு வருஷம் வரை சிறை உண்டு. வழக்கு முடிந்த பிறகும் உள்ளே யார் என்ன பேசினார்கள் என்று வெளியே சொல்வது அங்கே குற்றம், வீட்டுக்காரம்மா கேட்டாலும்தான்.